யோகி பெர்ரா: குத்துக்காலிட்டு உட்கார்ந்து ஆட்டத்தை நடத்தியவர்

அமெரிக்காவில் செயின்ட் லூயிஸ் நகரத்துப் பையன்கள் சிலர் ஒருநாள் சினிமாவுக்குப் போனார்கள். திரையில் இந்தியாவைப் பற்றிய காட்சி வந்தது. அதில் ஒரு யோகி, கைகளைக் கட்டிக்கொண்டு, கால்களை மடக்கி, உலகத்துக்கும் தனக்கும் சம்பந்தமே இல்லை என்பதுபோல உட்கார்ந்திருந்தார். பார்த்த பையன்களில் ஒருவனுக்குத் தன்னோடு பேஸ்பால் ஆடும் லாரன்ஸ் பெர்ராவின் ஞாபகம் வந்துவிட்டது. மட்டை பிடிக்கும் முறை வரும்வரை அவனும் மைதானத்து ஓரத்தில் இப்படித்தான் கையையும் காலையும் மடக்கி உட்கார்ந்திருப்பான். அன்று வைத்த 'யோகி' என்ற பட்டப்பெயர் அவரை விட்டுப் போகவே இல்லை. லாரன்ஸ் பீட்டர் பெர்ரா என்று சொன்னால் அமெரிக்கர்களே யாரது என்று கேட்பார்கள்.

பெயர்ப் பொருத்தம் பாதிதான் சரி. காலை மடக்கி மணிக்கணக்கில் உட்காரும் வேலையைத்தான் பின்னால் அவர் பார்த்தார். ஆனால் மௌனம் மட்டும் அவருக்கு ஒத்து வராது. அடிக்க வந்து நிற்கும் எதிரணிக்காரரிடம் வீட்டில் எல்லாரும் நலமா என்பதில் தொடங்கி ஏதாவது பேசிக்கொண்டே இருப்பார். 1957 உலகத் தொடரில் (அமெரிக்க பேஸ்பாலின் வருடாந்திர இறுதிக் கோப்பைத் தொடர்) எதிரணி பேட்டர் ஹேங்க் ஆரனிடம், "மட்டையைத் தப்பாகப் பிடிச்சிருக்கே, முத்திரையைப் படிக்கிற மாதிரி திருப்பிப் பிடி" என்று இவர் சொன்னதாகவும், "நான் அடிக்க வந்திருக்கேன், படிக்க வரலை" என்று ஆரன் திருப்பிச் சொன்னதாகவும் ஒரு கதை உண்டு.

பெர்ராவை இரண்டு விஷயங்களுக்காக நினைவு வைத்திருக்கிறார்கள். ஒன்று, ஆட்டக்காரராக அவர் வென்ற பத்து உலகத் தொடர் பட்டங்கள். அந்தச் சாதனையை இன்றுவரை யாரும் தொடவில்லை. இன்னொன்று, அவர் வாயிலிருந்து விழுந்த கோணல்மாணலான வாக்கியங்கள். இரண்டாவது முதலாவதை விழுங்கிவிட்டது என்பது என் எண்ணம். ஏதோ வேடிக்கையாகப் பேசும் குள்ளமான மனிதர், நல்ல அணியில் இருந்ததால் அதிர்ஷ்டம் அடித்தது என்ற மாதிரி ஒரு சித்திரம். பெர்ரா ஆடியது கேட்சராக. கேட்சர் என்பவர் என்ன வேலை செய்கிறார் என்று தெரிந்துகொண்டால் இந்தச் சித்திரம் நிற்காது.

கிரிக்கெட் பார்த்து வளர்ந்த கண்ணுக்குக் கேட்சர் ஒரு விக்கெட் கீப்பராகத்தான் தெரிவார். அடிப்பவருக்குப் பின்னால் இருக்கிறார், பந்தைப் பிடிக்கிறார், கையில் தடித்த உறை. ஒற்றுமை அதோடு முடிந்தது. விக்கெட் கீப்பர், பந்துவீச்சாளர் என்ன போடுகிறாரோ அதைப் பார்த்துப் பிடிக்கிறார். பேஸ்பாலில் தலைகீழ். அடுத்த பந்து என்னவாக இருக்க வேண்டும் என்று முதலில் முடிவு செய்பவர் பெரும்பாலும் கேட்சர்தான். அடிப்பவர் நிற்கும் இடத்தில் தரையில் பதித்த ஹோம் பிளேட்டுக்குப் பின்னால் குத்துக்காலிட்டு உட்கார்ந்து, தொடைகளுக்கு நடுவே விரல்களை நீட்டிச் சைகை காட்டுவார். ஒரு விரல் என்றால் வேகப்பந்து, இரண்டு விரல் என்றால் வளைந்து இறங்கும் கர்வ் பால், இப்படி. மங்கிய வெளிச்சத்திலும் விரல் தெரிய வேண்டும் என்பதற்காக நகத்தில் பளிச்சென்று சாயம் பூசிக்கொள்ளும் கேட்சர்கள் உண்டு. பந்து எறியும் பிட்சர் 18.44 மீட்டர் தள்ளி, சின்ன மேட்டின்மேல் நின்று அந்த விரல்களைப் பார்ப்பார். பிடித்தால் எறிவார், பிடிக்கவில்லை என்றால் தலையை ஆட்டுவார், கேட்சர் வேறொன்று காட்டுவார். எதிரணி சைகையைத் திருடுகிறது என்ற தகராறு பெரிதாகி, 2022 முதல் பெரிய லீக்கில் பொத்தானை அழுத்தினால் பிட்சரின் தொப்பிக்குள் குரல் கேட்கும் கருவி வந்துவிட்டது. பெர்ராவின் காலத்தில் விரல்தான்.

இதற்குள் எத்தனை கணக்கு இருக்கிறது என்று பாருங்கள். அடிக்க வந்தவருக்குப் போன முறை என்ன போட்டோம், எதில் தடுமாறினார், இன்று கால்களை எப்படி வைத்து நிற்கிறார், நம் பிட்சரின் கை ஓய்ந்துவிட்டதா, பேஸில் (ரன் எடுக்க ஓடுபவன் வரிசையாகத் தொட்டு வர வேண்டிய இடங்களில் ஒன்றில்) நிற்பவன் ஓடப் பார்க்கிறானா. ஒரு ஆட்டத்தில் நூற்றுக்கும் மேற்பட்ட தடவை இந்தக் கணக்கைச் சில விநாடிகளில் போட வேண்டும். களத்தடுப்பு அணியில் ஒன்பது பேர். எட்டுப் பேர் ஹோம் பிளேட்டைப் பார்த்து நிற்கிறார்கள், கேட்சர் மட்டும் எதிர்த்திசையில் பார்க்கிறார். மைதானம் முழுவதும் தெரியும் ஒரே ஆள் அவர்தான் என்பதால், யார் எங்கே நகர்ந்து நிற்க வேண்டும் என்று சொல்வதும் அவர் வேலை.

அப்புறம் உடம்பு. முதல் பேஸில் நிற்பவன் இரண்டாவது பேஸைத் திருட, அதாவது யாரும் அடிக்காமலே அங்கே போய்ச் சேர ஓடினால், பந்தைப் பிடித்து, எழுந்து, சுமார் 39 மீட்டர் தூரத்துக்கு எறிந்து சேர்ப்பதற்கு இரண்டு விநாடிதான் இருக்கும். மட்டையில் உரசித் திரும்பும் பந்துகள் முகமூடியிலும் தோளிலும் விரல் நுனியிலும் வந்து மோதும். கேட்சர்களின் வலது கையைப் பார்த்தால் விரல்கள் முறிந்து ஒட்டிய மரக்கிளை மாதிரி இருக்கும். முகமூடி, மார்புக்கவசம், முழங்கால் காப்பு எல்லாவற்றுக்கும் சேர்த்து அந்த ஆட்டத்தில் 'அறியாமையின் கருவிகள்' என்று ஒரு கேலிப் பெயர். அறிவுள்ளவன் இதையெல்லாம் மாட்டிக்கொண்டு இந்த வேலைக்கு வருவானா என்பது கேலியின் பொருள். இதைச் சொன்னவராகக் கருதப்படும் மட்டி ரூல் யார் என்றால், வக்கீலுக்குப் படித்த ஒரு கேட்சர்!

பெர்ரா அதிகம் படித்தவர் இல்லை. 1925 மே 12-ல் பிறந்தார். அப்பா பியத்ரோ வட இத்தாலியிலிருந்து வந்து செங்கல் சூளையில் வேலை பார்த்தவர். செயின்ட் லூயிஸில் 'தி ஹில்' என்று அழைக்கப்படும் இத்தாலியர் குடியிருப்பில் வீடு. எட்டாம் வகுப்போடு படிப்பு நின்றது. நிலக்கரிக் கிடங்கிலும், சோடா வண்டியிலும், செருப்புத் தொழிற்சாலையிலும் வேலைக்குச் சேர்ந்தார், பந்து விளையாடுவதற்காக மட்டம் போட்டார், வேலை போனது. அப்பாவுக்கு இந்த விளையாட்டே புரியவில்லை. பெரியவன் ஒருவன் பந்து விளையாடிச் சம்பாதிப்பான் என்பது அவர் பிறந்த ஊரில் யாரும் கேள்விப்படாத விஷயம். அண்ணன்மார்களும் நல்ல ஆட்டக்காரர்கள்தான். அவர்களை அனுமதிக்காத அப்பாவிடம் தம்பிக்காக வாதாடியவர்கள் அவர்களே. நாங்கள் சம்பாதித்துப் போடுகிறோம், இவனை விட்டுவிடுங்கள் என்றார்கள்.

எதிர்வீட்டுப் பையன் ஜோ கராஜியோலாவும் கேட்சர். 1942-ல் உள்ளூர் அணியான கார்டினல்ஸ் இருவரையும் பார்த்தது. கராஜியோலாவுக்கு 500 டாலர் தந்தார்கள். பெர்ராவுக்கு அதில் பாதிதான் தருவோம் என்றார் அந்த அணியை நடத்திய பிராஞ்ச் ரிக்கி. பதினேழு வயதுப் பையன், கையில் காசில்லாத குடும்பம், ஆனாலும் மாட்டேன் என்று சொல்லிவிட்டார். நண்பனுக்குக் கொடுத்தது எனக்கும் வேண்டும், ஒரு டாலர் கூடவும் வேண்டாம், குறையவும் வேண்டாம். கடைசியில் அந்த 500 டாலரைக் கொடுத்தது நியூயார்க் யாங்கீஸ். பின்னாளில் பெர்ராவின் வேடிக்கைப் பேச்சுகளை வானொலியிலும் தொலைக்காட்சியிலும் நாடு முழுக்கப் பரப்பியவர் அதே கராஜியோலாதான். ஆட்டத்தைவிட அறிவிப்பாளர் வேலையில்தான் அவர் பெரிய ஆள் ஆனார்.

நடுவில் போர் வந்தது. கடற்படையில் சேர்ந்த பெர்ரா, 1944 ஜூன் 6-ல் நார்மண்டிக் கரைக்கு முன்னால், ஆறு பேர் மட்டுமே இருந்த ஒரு சிறிய ராக்கெட் படகில் இருந்தார். வயது 19. வானத்தில் வெடிப்பதையெல்லாம் பண்டிகை வாணவேடிக்கை மாதிரித் தலையை நீட்டிப் பார்த்துக்கொண்டிருந்ததாகவும், தலை வேண்டுமானால் குனி என்று அதிகாரி அதட்டியதாகவும் பிற்பாடு அவரே சொல்லியிருக்கிறார். பிறகு தெற்கு பிரான்ஸில் கையில் குண்டு உரசிக் காயம்பட்டது. காயம்பட்டவர்களுக்கான பதக்கத்துக்கு அவர் விண்ணப்பம்கூட எழுதவில்லை. செய்தி போனால் அம்மா பயந்துவிடுவார் என்பதுதான் காரணம்.

1946 செப்டம்பர் 22-ல் யாங்கீஸ் அணிக்காக முதல் ஆட்டம். அதிலேயே ஒரு ஹோம் ரன், அதாவது சிக்ஸர் மாதிரி எல்லைச் சுவரைத் தாண்டும் அடி. அடிப்பதில் யாருக்கும் சந்தேகம் இல்லை. சந்தேகமெல்லாம் தோற்றத்தில்தான். உயரம் ஐந்தடி ஏழங்குலம், கட்டைக்கால்கள், தொங்கும் தோள்கள். யாங்கீஸ் என்றால் அணியின் நட்சத்திரம் ஜோ டிமாஜியோவைப் போல நெடுநெடுவென்று நாகரிகமாக இருக்க வேண்டும் என்று எழுதப்படாத ஒரு விதி. பத்திரிகைக்காரர்கள் இவரைக் குரங்கோடு ஒப்பிட்டு எழுதினார்கள்; எதிரணிகள் வாழைப்பழம் எறிந்தன. "மூஞ்சியால பந்தை அடிச்ச ஆளை நான் பார்த்ததில்லை" என்றார் பெர்ரா. அழகாயில்லை என்று சொல்லிவிட்டுப் போங்கள், அதனால் என்ன என்ற தொனி.

ஆனால் கேட்சராக அவர் ஆரம்பத்தில் மோசம்தான். அதை மறைப்பதில் பயனில்லை. 1947 உலகத் தொடரில் புரூக்ளின் டாட்ஜர்ஸ் வீரர்கள் இவர் கையைச் சோதிப்பதற்கென்றே ஓடினார்கள். நான்காவது ஆட்டத்தில் யாங்கீஸ் பிட்சர் பில் பெவன்ஸ் கடைசி, அதாவது ஒன்பதாவது இன்னிங்ஸில் இரண்டு பேர் அவுட் ஆகும்வரை (மூன்று பேர் அவுட் ஆனால் முடிந்தது) எதிரணிக்கு ஒரு ஹிட்கூட, அதாவது அடித்துவிட்டு பேஸைச் சேரும் ஒரு அடிகூடக் கொடுக்கவில்லை. அப்போது ஓடிய டாட்ஜர்ஸ் வீரர் ஜியான்ஃப்ரிடோ இரண்டாவது பேஸைத் திருடினார். பெர்ராவின் எறி உயரமாகப் போய்விட்டது. சற்று நேரத்தில் அதே அணியின் லாவஜெட்டோ அடித்த ஒரே அடியில் சரித்திரமும் போனது, ஆட்டமும் போனது. அதே தொடரின் மூன்றாவது ஆட்டத்தில் மாற்று ஆளாக வந்து பெர்ரா அடித்தது உலகத் தொடர் வரலாற்றிலேயே மாற்று பேட்டர் ஒருவரின் முதல் ஹோம் ரன். மட்டை நல்லது, மிட் (கேட்சரின் கையுறை) சரியில்லை. இவரை வெளிக்களத்துக்கு அனுப்பிவிடலாமா என்று பேச்சு ஓடியது.

1949-ல் மேலாளராக வந்த கேஸி ஸ்டெங்கலுக்கு அந்த யோசனை பிடிக்கவில்லை. யாங்கீஸின் பழைய கேட்சர் பில் டிக்கியைப் பயிற்சியாளராக அழைத்து வந்து, இவனைத் தயார் செய் என்று ஒப்படைத்தார். டிக்கி உட்காரும் விதத்திலிருந்து தொடங்கினார். பேட்டருக்கு இன்னும் நெருக்கமாக உட்கார், பந்து விழுந்த கணத்திலேயே எறியும் நிலைக்குக் காலைக் கொண்டு வா, கையைக் குறுக்கிச் சுழற்று. நாள் முழுக்க இதே பாடம். பத்திரிகைக்காரர்கள் என்ன நடக்கிறது என்று கேட்டபோது பெர்ரா சொன்னது புகழ்பெற்ற இலக்கணப் பிழை. 'கற்றுக்கொடுக்கிறார்' என்று சொல்ல வேண்டிய இடத்தில் 'கற்றுக்கொள்கிறார்' என்பதைப் போட்டுவிட்டார். தமிழில் கிட்டத்தட்ட, "டிக்கி தன் அனுபவத்தையெல்லாம் எனக்குப் படிச்சுக்கிட்டிருக்கார்" என்பதுபோல. நாடே சிரித்தது. பாடம் எவ்வளவு ஏறியது என்று சிரித்தவர்கள் கவனிக்கவில்லை. 1957-லிருந்து 1959 வரை தொடர்ந்து 148 ஆட்டங்களில் ஒரு பிழைகூடச் செய்யாமல் ஆடினார். அன்றைக்கு அது கேட்சர்களில் சாதனை. இடது கை மிட்டிலிருந்து ஆள்காட்டி விரலை மட்டும் வெளியே நீட்டி வைத்துக்கொள்ளும் வழக்கத்தை முதலில் கொண்டுவந்தவர்களில் அவரும் ஒருவர். வேகப்பந்து மோதும்போது அந்த விரல் நசுங்காது. இப்போது ஏறக்குறைய எல்லா கேட்சர்களும் அப்படித்தான் வைக்கிறார்கள்.

பிட்சர்களை மேய்ப்பதுதான் அவருடைய தனிக்கலை. அந்த அணியில் ஆலி ரெய்னால்ட்ஸ், விக் ராஸ்கி, எடி லோபாட் என்று மூன்று பேர். 1949 முதல் 1953 வரை யாங்கீஸ் தொடர்ச்சியாக வென்ற ஐந்து உலகத் தொடர்களிலும் மூவரும் இருந்தார்கள். ரெய்னால்ட்ஸும் ராஸ்கியும் வேகம். லோபாட் மெதுவாக ஏமாற்றுபவர். ஒருவருக்குச் சரியான யோசனை அடுத்தவருக்கு ஆகாது. ராஸ்கி சோர்ந்தால் பெர்ரா மேட்டுக்குப் போய்ச் சீண்டுவார். அவருக்குக் கோபம் வந்தால்தான் பந்தில் வேகம் வரும் என்று தெரியும். வேறு சிலரைத் தட்டிக்கொடுக்க வேண்டும். ஸ்டெங்கல் இவரைத் தன் உதவி மேலாளர் என்றே சொல்லிக்கொள்வார். ஊர் கோமாளி என்று பேசிக்கொண்டிருந்த ஆளைப் பற்றி, ஆட்டத்தை மிகவும் அறிந்த கிழவர் ஒருவர் சொன்னது இது.

ஒரு காட்சியைக் கொஞ்சம் நின்று பார்க்கலாம். 1951 செப்டம்பர் 28, யாங்கீ ஸ்டேடியம். ரெய்னால்ட்ஸ் எறிகிறார், பாஸ்டன் அணிக்கு ஒன்பதாவது இன்னிங்ஸில் இரண்டு பேர் அவுட் ஆகும்வரை ஒரு ஹிட்கூட இல்லை. இன்னும் ஒரே ஒருவர். அந்த ஒருவர் டெட் வில்லியம்ஸ், அந்தக் காலத்தின் தலைசிறந்த பேட்டர். பந்து மட்டையின் விளிம்பில் பட்டு நேரே மேலே போகிறது. பெர்ரா முகமூடியைக் கழற்றி வீசிவிட்டு அண்ணாந்து பார்த்துக்கொண்டே ஓடுகிறார். பந்து இறங்குகிறது, காற்றில் சற்று விலகுகிறது, மிட்டில் பட்டுக் கீழே விழுந்துவிட்டது. வில்லியம்ஸுக்கு மறுவாழ்வு கொடுப்பது என்றால் என்னவென்று மைதானத்தில் இருந்த அத்தனை பேருக்கும் தெரியும். கீழே விழுந்து கிடந்த பெர்ராவிடம் ரெய்னால்ட்ஸ், கவலைப்படாதே, மறுபடியும் பிடித்துவிடலாம் என்றார். பெர்ரா திரும்பிப் போய் உட்கார்ந்தார். கொஞ்சமும் மாற்றாமல் அதே வேகப்பந்தைக் கேட்டார். பந்து மறுபடியும் மேலே போனது, கிட்டத்தட்ட அதே மாதிரி. இந்தமுறை பிடித்துவிட்டார்.

பிடித்ததைவிட, தவறவிட்ட அடுத்த நிமிஷம் அதே பந்தைத் துணிந்து கேட்டதுதான் எனக்குப் பெரிதாகப் படுகிறது. வில்லியம்ஸ் எதைத் தாமதமாக அடித்தார் என்று அவர் பார்த்துவிட்டார். வெட்கத்தில் அந்தத் தகவலை மறந்துவிடவில்லை.

ஐந்து வருஷம் கழித்து, 1956 அக்டோபர் 8. உலகத் தொடரின் ஐந்தாவது ஆட்டம், எதிரில் மறுபடியும் டாட்ஜர்ஸ். எறிந்தவர் டான் லார்சன். இரண்டு வருஷம் முன்பு வேறொரு அணியில் 3 ஆட்டம் வென்று 21 ஆட்டம் தோற்றவர். இதே தொடரின் இரண்டாவது ஆட்டத்தில் இரண்டாவது இன்னிங்ஸ்கூடத் தாங்காமல் வெளியே அனுப்பப்பட்டவர். அன்று அவர் எறிந்தது 97 பந்துகள். வந்த 27 பேரில் ஒருவர்கூட முதல் பேஸைத் தொடவில்லை. இதைத்தான் பெர்ஃபெக்ட் கேம் என்பார்கள். உலகத் தொடரில் அதற்கு முன்பும் நடக்கவில்லை, இன்றுவரை பின்பும் நடக்கவில்லை. கடைசி பேட்டர் டேல் மிட்செல் மட்டையைப் பாதி அசைத்து நிறுத்த, நடுவர் ஸ்ட்ரைக் (அடிக்கத் தவறிய நல்ல பந்து; மூன்று சேர்ந்தால் ஸ்ட்ரைக் அவுட்) என்று கையை உயர்த்தினார். பெர்ரா ஓடிப்போய் லார்சனின் மேல் தாவி ஏறி, குழந்தை மாதிரி இடுப்பைச் சுற்றிக் காலைப் பின்னிக்கொண்டார். அந்தப் புகைப்படத்தைப் பார்க்காத அமெரிக்க விளையாட்டு ரசிகர் இருக்க மாட்டார். படத்தில் லார்சன்தான் நாயகன், பெர்ரா ஏதோ குதூகலத்தில் தொற்றிக்கொண்டவர். ஆனால் அன்று பெர்ராவின் ஒரு சைகைக்கும் தான் தலையை ஆட்டி மறுக்கவில்லை என்று லார்சனே சொல்லியிருக்கிறார். அப்படியென்றால் அந்த 97 பந்துகளையும் தேர்ந்தெடுத்தது யார்? இரண்டு நாள் கழித்து அதே தொடரின் கடைசி ஆட்டத்தில் பெர்ரா இரண்டு ஹோம் ரன் அடித்தார், யாங்கீஸ் 9-0 என்று வென்று கோப்பையை எடுத்தது.

அடிப்பதைப் பற்றி வேகமாகச் சொல்லிவிடுகிறேன், அதில் விளக்க அதிகமில்லை. கண்ணுக்கு எதிரே வந்தாலும் சரி, கணுக்காலுக்குக் கீழே வந்தாலும் சரி, பெர்ரா அடிப்பார். மோசமான பந்தை விட்டுவிட வேண்டும் என்ற பாடம் அவரிடம் செல்லவில்லை. அப்படி அடிப்பவர்கள் நிறையத் தவறவிட்டு ஸ்ட்ரைக் அவுட் ஆவார்கள் என்பதுதான் இயல்பு. 1950-ல் பெர்ரா 28 ஹோம் ரன் அடித்தார், அந்த வருஷம் முழுக்க ஸ்ட்ரைக் அவுட் ஆனது 12 தடவை. இன்றைய பேட்டர்கள் பலர் அதை இரண்டே வாரத்தில் எட்டிவிடுவார்கள். மொத்தத்தில் 358 ஹோம் ரன், 414 ஸ்ட்ரைக் அவுட். 1951, 1954, 1955 என்று மூன்று முறை அமெரிக்கன் லீக்கின் மிக மதிப்புவாய்ந்த வீரர். டிமாஜியோவும் மிக்கி மேன்டிலும் இருந்த அணியில், 1949 முதல் 1955 வரை ஏழு வருஷமும் தன் அடியால் அணிக்கு அதிக ரன்கள் சேர்த்துக் கொடுத்தவர் இவர்தான்.

அவர் ஒப்புக்கொள்ளாத ஒரு தீர்ப்பும் உண்டு. 1955 உலகத் தொடரின் முதல் ஆட்டத்தில் டாட்ஜர்ஸின் ஜாக்கி ராபின்சன் மூன்றாவது பேஸிலிருந்து நேரே ஹோம் பிளேட்டைத் திருட ஓடிவந்தார். நடுவர் சேஃப் என்றார். பெர்ரா துள்ளிக் குதித்து நடுவரின் முகத்துக்கு நேராகக் கத்தினார். அறுபது வருஷம் கழித்துச் சாகும்வரையிலும் "அவன் அவுட்" என்றே சொல்லிக்கொண்டிருந்தார். அந்த ஆட்டத்தில் ஜெயித்தது யாங்கீஸ்தான் என்பது அவருக்கு ஒரு பொருட்டே இல்லை.

அதே 1955-ல் யாங்கீஸ் அணிக்கு முதல் கறுப்பின வீரராக எல்ஸ்டன் ஹோவர்ட் வந்தார். அவரும் கேட்சர். அதாவது பெர்ராவின் நாற்காலிக்கு வந்த ஆள். டிக்கி தனக்குச் சொல்லிக்கொடுத்ததைப் பெர்ரா ஹோவர்டுக்குச் சொல்லிக்கொடுத்தார், மெல்ல மெல்ல இடது வெளிக்களத்துக்கு நகர்ந்தார். 1960 உலகத் தொடரின் கடைசிப் பந்தில் பிட்ஸ்பர்க்கின் மேசரோஸ்கி அடித்த ஹோம் ரன் எல்லைச் சுவரைத் தாண்டிப் போனபோது, திரும்பி நின்று அதைப் பார்த்துக்கொண்டிருந்த இடது வெளிக்களக்காரர் பெர்ராதான். ஆனாலும் பழைய இடம் அவரை விடவில்லை. 1962 ஜூன் 24-ல் டெட்ராய்ட்டில் ஒரு ஆட்டம் 22 இன்னிங்ஸ், ஏழு மணி நேரம் நீண்டது. 37 வயதில் அத்தனை இன்னிங்ஸும் குத்துக்காலிட்டு உட்கார்ந்தவர் அவர். முப்பது தடவை உட்கார்ந்து எழுந்து பார்த்தால் நமக்குப் புரியும்.

ஓய்வுபெற்றதும் 1964-ல் அவரையே மேலாளர் ஆக்கினார்கள். நேற்றுவரை சேர்ந்து சீட்டாடியவர்களை அதட்ட வேண்டிய சங்கடம். ஆகஸ்டில் சிகாகோவில் நான்கு ஆட்டம் வரிசையாகத் தோற்றுவிட்டு அணி பஸ்ஸில் போகும்போது, பின்னால் உட்கார்ந்திருந்த ஆட்டக்காரர் ஃபில் லின்ஸ் மவுத் ஆர்கனில் ஒரு குழந்தைப் பாட்டை வாசித்துப் பழகினார். நிறுத்து என்று முன்னாலிருந்து கத்தினார் பெர்ரா. சரியாகக் கேட்கவில்லை; என்ன சொல்கிறார் என்று லின்ஸ் கேட்க, "சத்தமா வாசிக்கச் சொல்றார்" என்றார் மேன்டில். வாசித்தார். பெர்ரா எழுந்து வந்து மவுத் ஆர்கனைத் தட்டிவிட்டார். லின்ஸுக்கு 200 டாலர் அபராதம். வேடிக்கை என்னவென்றால் அதற்கப்புறம் அணி ஜெயிக்க ஆரம்பித்து லீக்கில் முதலிடம் பிடித்தது. உலகத் தொடரில் ஏழாவது ஆட்டம்வரை போய்த் தோற்றது. மறுநாள் பெர்ராவை வேலையிலிருந்து நீக்கிவிட்டு, அவரைத் தோற்கடித்த கார்டினல்ஸ் அணியின் மேலாளரையே கூட்டிவந்து உட்காரவைத்தார்கள்.

பெர்ரா நகரத்தின் இன்னொரு அணியான மெட்ஸுக்குப் போனார். 1972-ல் அதன் மேலாளர் கில் ஹாட்ஜஸ் திடீரென்று இறந்ததும் அங்கே மேலாளர் ஆனார். மறு வருஷம் ஆகஸ்ட் முடியும்போது அணி தன் பிரிவில் கடைசி இடம். அந்தக் கோடையில், கதை முடிந்ததா என்று கேட்டவர்களுக்கு அவர் சொன்ன பதில்தான் "முடியும் வரைக்கும் முடியலை." செப்டம்பரில் எல்லாரையும் தாண்டி, உலகத் தொடர்வரை போனார்கள்.

இந்த வாக்கியங்களை மடத்தனம் என்று சிரிப்பவர்கள் அவை பிறந்த இடத்தைப் பார்ப்பதில்லை. "அங்கே சீக்கிரமே லேட்டாயிடும்" என்று ஒன்று. யாங்கீ ஸ்டேடியத்தின் இடது வெளிக்களத்தைப் பற்றிச் சொன்னது. இலையுதிர் காலத்தில் மதியமே நிழல் நீண்டு, வெயிலும் கண்ணை மறைத்து, பந்து தெரியாமல் போகும். கிழட்டு வயதில் அந்த இடத்துக்கு அனுப்பப்பட்ட ஆளுக்கு இதைவிடச் சுருக்கமாக எப்படிச் சொல்வது? "ரோடு ரெண்டாப் பிரியும், அதுல வந்துடு" என்பது நியூ ஜெர்சியில் தன் வீட்டுக்கு வழி சொன்னது. இரண்டு கிளையும் அவர் வீட்டுக்குத்தான் வரும். ஒரு உணவகத்தைப் பற்றி, "இப்பல்லாம் அங்கே யாரும் போறதில்லை, கூட்டம் அதிகமாயிடுச்சு" என்றார். நம் ஊரில் பிரபலமான எந்த ஓட்டலைப் பற்றியும் பழைய வாடிக்கையாளர் இதைத்தான் சொல்வார். "ஒரே நேரத்துல யோசிச்சு அடிக்கவும் எப்படி முடியும்?" என்பதும் வேடிக்கையில்லை. அரை விநாடிக்கும் குறைவாக வந்து சேரும் பந்தை எதிர்கொள்பவருக்கு யோசனை எதிரிதான். யோசிக்கிற வேலையை அவர் மறுபாதி இன்னிங்ஸுக்கு, முகமூடி மாட்டிக்கொள்ளும் நேரத்துக்கு ஒதுக்கி வைத்திருந்தார். இவற்றில் எத்தனை உண்மையில் அவர் சொன்னது என்பதில் தகராறு உண்டு. அதற்கும் அவரிடம் பதில் இருந்தது: "நான் சொன்னதையெல்லாம் நான் சொல்லலை."

மனைவி கார்மென் ஒருமுறை கேட்டாராம்: பிறந்தது செயின்ட் லூயிஸ், ஆடியது நியூயார்க், வாழ்வது நியூ ஜெர்சி, உங்களை எங்கே புதைக்கட்டும்? "நீயே பார்த்து ஏதாவது செய், எனக்குச் சொல்லாதே" என்ற பொருளில் பதில் சொன்னார் பெர்ரா. கார்மென் 2014-ல் முந்திக்கொண்டார். 2015 செப்டம்பர் 22-ல், முதல் ஆட்டம் ஆடி சரியாக 69 வருஷம் கழித்து, 90 வயதில் பெர்ரா இறந்தார். அன்று ஒரு பெரிய செய்தி நிறுவனம் 'யோகி பேர்' இறந்துவிட்டார் என்று அவசரச் செய்தி அனுப்பியது. யோகி பேர் என்பது 1958-ல் தொலைக்காட்சிக்கு வந்த கார்ட்டூன் கரடி. பெர்ரா அந்தப் பெயருக்காக வழக்குப் போடக்கூட யோசித்து, விட்டுவிட்டவர். மரணச் செய்தியிலும் நகைச்சுவை அவரை முந்திவிட்டது.

அவர் சிரிக்காத விஷயம் ஒன்று உண்டு. 1984-ல் யாங்கீஸ் மறுபடியும் அவரை மேலாளராக அமர்த்தியது. அடுத்த வருஷம் முழுக்க வாய்ப்புத் தருவதாக உரிமையாளர் ஜார்ஜ் ஸ்டைன்பிரென்னர் வாக்குக் கொடுத்தார். 1985-ல் பதினாறே ஆட்டம் முடிந்ததும் நீக்கினார். நீக்கியதைவிட வலித்தது, நேரில் சொல்லாமல் இன்னொருவரை அனுப்பிச் சொல்லவைத்தது. அந்த ஆள் இருக்கும்வரை யாங்கீ ஸ்டேடியத்தில் கால் வைக்க மாட்டேன் என்றார் பெர்ரா. பதினான்கு வருஷம் வைக்கவில்லை. அங்கே தன் பெயருக்குப் பலகை திறந்தபோதும் போகவில்லை. பதினேழு வயதில் 250 டாலரை மறுத்த அதே பிடிவாதம். 1999 ஜனவரியில் ஸ்டைன்பிரென்னர் நியூ ஜெர்சியில் பெர்ராவின் பெயரில் இருக்கும் அருங்காட்சியகத்துக்கே நேரில் வந்து மன்னிப்புக் கேட்டார். கைக்கடிகாரத்தைப் பார்த்துவிட்டு, பத்து நிமிஷம் லேட் என்றார் பெர்ரா.

அந்த ஜூலை 18-ம் தேதி யாங்கீ ஸ்டேடியத்தில் யோகி பெர்ரா தினம் கொண்டாடினார்கள். ஆட்டத்துக்கு முன் சம்பிரதாயமாக முதல் பந்தை எறிய டான் லார்சன் வந்திருந்தார்; பிடிக்க வேண்டியவர் பெர்ரா. கையில் மிட் இல்லை. அன்றைய கேட்சர் ஜோ ஜிரார்டியிடம் கடன் வாங்கிக்கொண்டார். லார்சன் எறிந்தார், 74 வயதுக்காரர் பிடித்தார், மிட்டைத் திருப்பிக் கொடுத்துவிட்டுப் போனார். பிறகு ஜிரார்டி ஹோம் பிளேட்டுக்குப் பின்னால் குத்துக்காலிட்டு உட்கார, டேவிட் கோன் மான்ட்ரியல் அணிக்கு எதிராக எறிய ஆரம்பித்தார். நடுவில் மழை வந்து ஆட்டம் அரை மணி நேரம் நின்றது. மழை விட்டதும் கோன் விட்ட இடத்திலிருந்து தொடர்ந்தார். மொத்தம் 88 பந்துகள். வந்தவர்கள் 27 பேர், முதல் பேஸைத் தொட்டவர் ஒருவரும் இல்லை.